செம்பூர் நீராவி அறை

மும்பைக்கு நான் போனது ஊர் பார்க்க இல்லை. தங்கை மகள் தியா, ஆறு வயது, ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள் என்று போன் வந்தது. "ஸ்டீம் ரூம்ல ஒரு ஆக்சிடென்ட் அண்ணே, நீ வா" என்று மட்டும் கவிதா சொன்னாள். மேலே கேட்டால் அழுதாள். நான் ராஜபாளையம் பக்கம் பேண்டேஜ் துணி வெளுக்கும் ஆலையில் இருபத்திரண்டு வருடமாக பாய்லர் பார்க்கிறவன். நீராவி உடம்பில் பட்டால் என்ன ஆகும் என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. அன்றே லீவு எழுதிக் கொடுத்துவிட்டுக் கிளம்பினேன்.

ரயிலில் எதிரே ஒரு குடும்பம். கோயில் கொடைக்கு ஊருக்கு வந்துவிட்டுத் திரும்புகிறவர்கள். பிள்ளைகளிடம் தமிழில் கேட்டால் இந்தியில் பதில் வந்தது. அந்த அம்மாள் புளிசாதப் பொட்டலத்தைப் பிரித்து எனக்கும் ஒரு பங்கு வைத்தார். வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன். இரண்டாவது பெண் தியா வயசுதான் இருக்கும். பெர்த்தில் ஏறி இறங்கி, ஏறி இறங்கி விளையாடிக்கொண்டிருந்தாள். அந்தக் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். சாதம் இறங்கவில்லை.

குர்லாவில் இறங்கியபோது காலை எட்டு மணி. ஸ்டேஷனுக்கு வெளியே பிடித்த ரிக்‌ஷா பாதி வழியில் இருமிவிட்டு நின்றது. மெட்ரோவுக்காகத் தோண்டிப் போட்ட சாலை. பின்னால் நின்ற வண்டிகள் எல்லாம் ஹாரன் அடித்தன. இளவயதில் மூன்று வருடம் சூரத்தில் வேலை பார்த்ததால் எனக்கு இந்தி புரியும், பேச்சுத்தான் தட்டுத்தடுமாறி வரும். ஆஸ்பத்திரிக்கு அவசரம், தங்கை குழந்தை என்றேன். உத்தரப்பிரதேசத்துக்காரர் அந்த டிரைவர். "இறங்கி நடங்க அண்ணா. இந்த ஊரில் அவசரம் இருக்கிறவன் நடந்துதான் போக வேண்டும்" என்றார். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நடந்தேன். எங்கள் ஊரில் இந்த நேரத்துக்கு வெயில் காயும். இங்கே காற்றே ஈரத்துணி மாதிரி முகத்தில் ஒட்டியது.

ஆஸ்பத்திரியின் நாலாவது மாடியில் மாப்பிள்ளை சங்கர் நின்றுகொண்டிருந்தார். கவிதாவின் கணவர். கப்பல் கம்பெனி ஆபீஸில் வேலை. சம்பவம் நடந்த ஞாயிற்றுக்கிழமை அவர் புனேயில் இருந்திருக்கிறார். நாலு நாள் தாடி. "வாங்க மச்சான்" என்றார். என் பையை வாங்கிக்கொண்டு முன்னால் நடந்தார்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தியா படுத்திருந்தாள். இடது காலில் முழங்காலுக்குக் கீழே பாதம் வரை கட்டு. முதல் இரண்டு நாள் நினைவே இல்லை. இப்போது கண் திறக்கிறாள், பேசவில்லை என்றார்கள். அந்தக் கட்டுத் துணியைப் பார்த்தேன். எங்கள் பக்கத்துத் தறியில் நெய்து, எங்கள் பாய்லர் சூட்டில் வெளுத்த துணியாகவும் இருக்கலாம். இத்தனை வருடத்தில் அது யார் உடம்பில் போய்ச் சுற்றும் என்று நான் நினைத்ததே இல்லை.

டாக்டர் ஒரு மராத்திப் பெண்மணி. எனக்காக இந்தியில் நிதானமாகச் சொன்னார். "பெரியவர்களுக்கு வியர்வை காய்ந்து உடம்பு குளிரும். அந்த அறையில் வியர்வை காயவே காயாது. குழந்தையின் உடம்பு சின்னது, நம்மைவிடச் சீக்கிரம் சூடேறிவிடும். தாகம், தலைசுற்றல் என்று சொல்லவும் தெரியாது. மயங்கி விழுந்திருக்கிறாள். விழுந்த இடத்தில் ஆவி வரும் குழாய் இருந்திருக்கிறது."

கிளம்பப் போனவர் திரும்பினார். "யாரோ உடனே அவள் காலைக் குழாய்த் தண்ணீரில் பிடித்திருக்கிறார்கள். நல்ல வேளை, கொஞ்ச நேரம் விடாமல் பிடித்திருக்கிறார்கள். அது இல்லாவிட்டால் காயம் இன்னும் ஆழமாகப் போயிருக்கும். யார் அது?"

"தெரியலை டாக்டர்" என்றார் சங்கர். கவிதா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கீழே கேன்டீனில் அவளை உட்காரவைத்து வடாபாவ் வாங்கிக் கொடுத்தேன். பன்னைப் பிய்த்துப் பிய்த்துத் தட்டிலேயே போட்டாள். என்னைவிடப் பதினான்கு வயது இளையவள். அப்பா போன பிறகு நான் படிக்கவைத்து, நான் கட்டிக் கொடுத்த பெண்.

"எங்க அபார்ட்மென்ட் கிளப்ஹவுஸ்ல ஹவுஸ்கீப்பிங் பொம்பளை ஒருத்தி இருந்தா அண்ணே. எனக்கு ஆபீஸ் கால் வந்துச்சு. தியாவை வெளிய பெஞ்சுல உக்கார வச்சு, பாத்துக்கோன்னு அவகிட்ட சொல்லிட்டுத்தான் போனேன். அவ பாட்டுக்கு எங்கேயோ போயிட்டா. புள்ள தானா கதவைத் திறந்து உள்ள போயிருச்சு. சொசைட்டி கமிட்டி போலீஸ்ல கம்ப்ளெயின்ட் குடுத்திருக்காங்க. அவளை வேலைய விட்டும் எடுத்தாச்சு."

அந்தப் பொம்பளையை நேரில் பார்த்து நாலு வார்த்தை கேட்க வேண்டும் என்று நினைத்தேன்.

மறுநாள் அவர்கள் குடியிருப்புக்குப் போனேன். முப்பது மாடி. கீழே நீச்சல்குளம், ஜிம், அதையொட்டிப் பெண்களுக்கு ஒன்று ஆண்களுக்கு ஒன்று என்று நீராவி அறைகள். இரண்டையும் மூடியிருந்தார்கள். தாய்மாமன் என்று சொல்லி மேனேஜரிடம் கெஞ்சிப் பெண்கள் பக்கத்து அறையைத் திறக்க வைத்தேன். வாட்ச்மேன் ஒருவரைக் கூட அனுப்பினார்.

கதவின் பக்கத்தில் ஆங்கிலத்தில் ஒரு பலகை, பதினாறு வயதுக்குக் கீழே அனுமதி இல்லை என்று. அதன் பாதியை மறைத்துக்கொண்டு யோகா வகுப்பு நோட்டீஸ் ஒட்டியிருந்தது.

கதவைப் பிடித்து இழுத்தேன். வரவில்லை. ஓரத்து ரப்பர் ஈரத்தில் ஊறி உப்பிப்போய் நிலையைக் கவ்விக்கொண்டிருந்தது. இரண்டு கையாலும் இழுத்த பிறகுதான் பச்சக்கென்று விட்டது. உள்ளே போய்ச் சாத்திவிட்டுத் தள்ளிப் பார்த்தேன். தோளைக் கொடுத்துத் தள்ள வேண்டியிருந்தது. கைப்பிடி என் நெஞ்சு உயரத்தில் இருந்தது.

கல் பெஞ்சுக்குக் கீழே, தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் ஆவி வரும் குழாய்வாய். அதன்மேல் தடுப்பு மூடி இல்லை. திருகாணி இருந்த துளைகளில் துரு. மூடி கழன்று நேற்று முந்தாநாள் விழுந்ததல்ல. அறையின் சூடு வேறு, குழாய்வாயில் வரும் சூடு வேறு. அங்கே வருவது கொதிக்கும் தண்ணீரின் ஆவி. சின்னப் பிள்ளை பெஞ்சிலிருந்து காலைத் தொங்கப்போட்டால் சரியாக அதற்கு நேரே வரும். உள்ளேயிருந்து ஆளைக் கூப்பிட ஒரு பொத்தான்கூட இல்லை. எங்கள் ஆலையில் ஒரு குழாய் இப்படித் திறந்து கிடந்தால் இன்ஸ்பெக்டர் அன்றைக்கே பாய்லரை நிறுத்தச் சொல்லிவிடுவார். எங்கள் ஆட்கள் பூட்ஸும் கையுறையும் போட்டவர்கள். இங்கே துண்டைக் கட்டிக்கொண்டு வந்து உட்காருகிறார்கள்.

வெளியே வந்து மறுபடியும் கதவை இழுத்துப் பார்த்தேன். அப்போதுதான் உறைத்தது. இந்தக் கதவை ஆறு வயதுப் பிள்ளை தானாகத் திறக்க முடியாது. யாரோ திறந்து உள்ளே விட்டிருக்கிறார்கள்.

"இங்கே வேலை பார்த்த அம்மா எங்கே இருக்கிறார்?" என்று வாட்ச்மேனிடம் கேட்டேன். அவர் மேனேஜர் அறைப் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அவரோடு பேசக் கூடாது என்று எங்களுக்கு உத்தரவு. பேச்சியம்மா. தாராவி. தொண்ணூறடி சாலையில் இட்லி விற்பவர்களிடம் கேட்டால் சொல்வார்கள்" என்றார்.

மூன்றாம் நாள் தாராவிக்குக் கிளம்பினேன். செம்பூரில் ரயில் ஏறி, குர்லாவில் மாறி, சயானில் இறங்கினால் போதும் என்று சங்கர் சொல்லியிருந்தார். யாரைப் பார்க்கப் போகிறேன் என்று அவரிடம் நான் சொல்லவில்லை. குர்லாவில் வந்து நின்ற வண்டியில் கூட்டம் என்னைத் தூக்கி உள்ளே போட்டது. அது ஃபாஸ்ட் வண்டி. சயான் ஜன்னலில் கடந்து போவதைப் பார்த்துக்கொண்டே தாதர் வரை போனேன். திரும்பி ஏறிய ஸ்லோ வண்டியில் வாசலில் நின்றது தப்பு. மாட்டுங்காவில் இறங்குகிற கூட்டம் என்னையும் சேர்த்து பிளாட்பாரத்தில் இறக்கிவிட்டுப் போய்விட்டது. ஒரு செருப்பின் வார் அறுந்துபோயிற்று.

இழுத்து இழுத்து வெளியே வந்தால், பூக்கடையில் தொடுத்த மல்லிகை, காபித்தூள் வாசனை, தமிழ் எழுத்துப் பலகை. ஒரு மெஸ்ஸில் வாழையிலை போட்டுச் சாப்பாடு. மூன்று நாளில் அன்றுதான் சோறு உள்ளே போனது. எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர் பாலக்காட்டுப் பக்கத்துக் குடும்பம், வங்கியில் இருந்து ஓய்வு பெற்றவர். தாராவிக்கு வழி கேட்டேன். என்ன விஷயம் என்று கேட்டார். ஊர் பேர் தெரியாத மனிதர் என்பதாலோ என்னவோ, எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

மோர் சாதத்தில் கையை வைத்தபடியே கேட்டுவிட்டுச் சொன்னார். "அடடா. எங்க கிளப்புலயும் இருக்கே. குழந்தேளை விடப்படாதுன்னு போர்டு மாட்டிருக்கா. ஆனா மெம்பரோட குழந்தைன்னா யார் தடுக்கறா, சொல்லுங்கோ? தடுத்தா வேலைக்காராளுக்குத்தான் திட்டு." இலையை மடக்கினார். "நடந்தே போயிடலாம். சயான் பக்கமா இருபது நிமிஷம். பஸ்ஸுக்கு நிக்காதீங்கோ."

வழியில் செருப்பைத் தைத்துக்கொண்டு நடந்தேன். தொண்ணூறடி சாலையில் தள்ளுவண்டி, டெம்போ, தோல் மூட்டை, தலையில் இட்லிப் பாத்திரம். திருநெல்வேலிப் பேச்சு நாலு பக்கமும் கேட்டது, நடுநடுவே இந்தியோடு. மூன்றாவது ஆள் பேச்சியம்மாள் வீட்டைக் காட்டினார். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் சுவரோடு ஒட்ட வேண்டிய சந்து. ஒரே அறை, மேலே போக இரும்பு ஏணி. மேல்தட்டில் தையல் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

நாற்பது வயதிருக்கும். மெலிந்த பெண். கோபத்தோடுதான் போனேன். "தியாவோட மாமன் நான்" என்றேன்.

"புள்ள எப்படி இருக்கு? அதை மொதல்ல சொல்லுங்க" என்றாள்.

கண் திறக்கிறாள், பேசவில்லை என்றேன். அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அப்போதுதான் பார்த்தேன். வலது முன்கை முழுக்க, மணிக்கட்டிலிருந்து முழங்கைக்கு, கொப்புளம் உடைந்து தோல் உரிந்து, மஞ்சள் மருந்து பூசிய புண்.

"இது எப்படி?" என்றேன். ஆனால் கேட்கும்போதே எனக்குத் தெரிந்துவிட்டது. நீராவிப் புண்ணை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

"கொழாய்க்குப் பக்கத்துலல்லா கெடந்துச்சு. கையைக் குடுத்துல்லா தூக்கணும்."

"நீங்கதான் தண்ணியில பிடிச்சீங்களா?"

"ஆமா. வேற என்ன செய்ய? எண்ணெ கிண்ணெ தடவாதிய, தண்ணிய விடுங்கன்னு கத்துனேன். ஒரு மேடம் பேஸ்ட்டக் கொண்டுட்டு ஓடி வந்தாவ. நான் தொட விடல."

"பிள்ளை எப்படி உள்ளே போச்சு?"

ஏணிக்கு மேலே தையல் மெஷின் நின்றது. பெரிய பெண் ஒருத்தி எட்டிப் பார்த்தாள். அவள் மகள், கல்லூரியில் படிக்கிறாள் என்று பிறகு சொன்னார்கள்.

"உங்க தங்கச்சிதான் கூட்டிட்டு வந்தாவ அண்ணே" என்றாள் பேச்சியம்மாள். "புள்ளைக்குச் சளி, ரெண்டு வாரமா விடல, ஆவி புடிச்சா நல்லதுன்னாவ. புள்ளைவள விடக் கூடாதுக்கா, போர்டு போட்டிருக்குன்னேன். என் பிள்ளைக்கு என்ன வேணும்னு எனக்குத் தெரியும், நீ உன் வேலையப் பாருன்னுட்டாவ. ரெண்டு பேரும் உள்ள போனாவ. நான் பக்கெட்ட எடுத்துட்டு நின்னேன். சூப்பர்வைசர் மேல ஜிம்முல தண்ணி கொட்டிக் கெடக்குன்னு போன்ல கூப்பிட்டான். போனேன். அம்மாதான் கூட இருக்காவல்லா, என்ன பயம்னு போனேன். திரும்பி வந்தா அவிய வெளிய குளத்து ஓரமா நின்னு போன்ல பேசிட்டிருக்காவ. புள்ள எங்கன்னு கதவுக் கண்ணாடி வழியாப் பாத்தா ஒரே வெள்ளையா இருக்கு. கதவை இழுத்தேன்."

புண் கையை இடது கையால் தாங்கிக்கொண்டாள்.

"போலீஸ்ல இதைச் சொன்னீங்களா?"

"சொன்னேன். உங்க தங்கச்சி கையெழுத்துப் போட்ட காயிதத்தைக் காட்டுனாவ. மூணு நாளாக் காலையில போய் உக்காருதேன், பொழுது சாயத் திரும்பி வாரேன். இன்னைக்குத்தான் மத்தியானமே அனுப்பிட்டாவ. கேஸ் போட்டா உள்ள போகணுமாம்."

மேலேயிருந்து அந்தப் பெண் இந்தியில் சத்தம் போட்டாள். "எங்கம்மா மூன்று நாளாக ஸ்டேஷனில் தரையில் உட்கார்ந்திருக்கிறாள். இந்தக் கையோடு! நீங்கள் எதற்கு வந்தீர்கள்? இன்னும் என்ன எழுதி வாங்க வேண்டும்?"

"சும்மா இருட்டி" என்றாள் தாய்.

டீ கொடுத்தார்கள். குடிக்காமல் வந்தால் மரியாதையில்லை என்று குடித்தேன். நாக்கில் ஒன்றும் தெரியவில்லை. சயான் வரை நடந்து, அங்கிருந்து பஸ் பிடித்தேன். பொய் சொல்கிறாளோ என்று வழியெல்லாம் நினைத்துப் பார்த்தேன். நினைக்க ஆசையாக இருந்தது. ஆனால் அந்தக் கையும் அந்தக் கதவும் பொய் சொல்லாது.

நாலாம் நாள் சங்கர் மருந்து வாங்கக் கீழே போன நேரத்தில் கவிதாவிடம் கேட்டேன். ஆஸ்பத்திரி மாடிப்படியில் உட்கார்ந்திருந்தோம்.

"பேச்சியம்மாவைப் பார்த்துட்டு வந்தேன்."

அவள் முகம் மாறியது. பிறகு என் பக்கம் திரும்பி, "நீதான் அண்ணே சொன்ன" என்றாள்.

"என்ன சொன்னேன்?"

"தியாவுக்குச் சளி விடலன்னு போன் பண்ணினேன்ல. 'கண்ட மருந்தையும் குடுக்காத. நல்லா ஆவி பிடிக்க விடு, ரெண்டே நாள்ல ஓடிப்போகும்'னு நீதான் சொன்ன. சட்டியில வெந்நீர் வச்சா கொட்டிருவாளோன்னு பயந்து, ஸ்டீம் ரூம்தான் சேஃப்னு நினைச்சேன்."

சொல்லியிருக்கிறேன். பாய்லர் பக்கத்தில் நின்றுகொண்டு, சத்தத்தில் பாதி காதில் விழாமல், போனை வைக்கிற அவசரத்தில் சொன்னது. இருபத்திரண்டு வருடம் நீராவியைத் தெரிந்தவன் சொன்ன யோசனை. அந்தப் படியில் உட்கார்ந்து என்னால் அவளைப் பார்க்க முடியவில்லை.

"நான் சொன்னது தப்புத்தான்" என்றேன். "அதை மாப்பிள்ளைகிட்ட நானே சொல்றேன். ஆனா அந்தப் பொம்பளை உன்னைத் தடுத்திருக்கா. உன் பிள்ளையைத் தூக்கியிருக்கா. அவ கையைப் போய்ப் பாரு கவிதா."

"ரெண்டு நிமிஷம்னு நினைச்சேன் அண்ணே. புள்ளைக்கு நல்லா வேர்க்கட்டும், இதோ வந்துடறேன்னு போனேன். ஆபீஸ் கால் இழுத்துட்டே போச்சு. எவ்வளவு நேரம் ஆச்சுன்னே தெரியல." சேலை நுனியை வாயில் வைத்துக்கொண்டாள். "கமிட்டி ஆளுங்க அன்னிக்கே எழுதிக் கொண்டு வந்துட்டாங்க. வாசிச்சேன். அதுதான் நடந்துச்சுன்னு எனக்கே தோணிருச்சு. அப்படி நடந்திருந்தா நல்லாருக்குமேன்னு இருந்துச்சு. கையெழுத்துப் போட்டேன். இப்ப அவருக்குத் தெரிஞ்சா என்னை விட்டுருவாரு. அந்த ரூமுக்குப் பிள்ளையைக் கூட்டிட்டுப் போகாதேன்னு அவர் முன்னாடியே சொல்லியிருக்காரு."

"நீ சொல்லலேன்னா நான் போய்ச் சொல்லுவேன்."

"சொல்லு. நீ அங்க இருந்தியா?" என்றாள். எழுந்து போய்விட்டாள்.

அவள் சொன்னதும் சரிதான். அன்று சாயங்காலமே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனேன். அதிகாரி நின்றபடியே கேட்டுவிட்டு, "நீங்கள் பார்த்தீர்களா? இல்லையே. தாய் எழுதிக் கொடுத்திருக்கிறார். மாற்ற வேண்டுமானால் தாய்தான் மாற்ற வேண்டும்" என்றார். வெளி வராந்தாவில் பேச்சியம்மாள் கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்தாள். நான் தலையைக் குனிந்துகொண்டு படியிறங்கினேன்.

ஐந்தாம் நாள் காலையில் தியா பேசினாள். முதலில் தண்ணீர் கேட்டாள். பிறகு கால் அரிக்கிறது என்றாள். சங்கர் சுவர்ப் பக்கம் திரும்பி நின்று அழுதார். மத்தியானம் வார்டுக்கு ஒரு பெண் போலீஸ் வந்தார். நடுவயது, நல்ல முகம். குழந்தை பேசுகிறாள் என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்களாம். ரெண்டே ரெண்டு கேள்வி, பயமுறுத்த மாட்டேன் என்றார். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"பேட்டா, அன்றைக்கு அந்த ரூமுக்கு நீ யாரோடு போனாய்?"

தியா தலையைத் திருப்பி அம்மாவைப் பார்த்தாள். ஏன் அப்படிப் பார்த்தாள் என்று எனக்குத் தெரியாது. சொல்லலாமா என்று கேட்கிற பார்வை. ஆறு வயதுப் பிள்ளைக்கு, இந்தக் கேள்வியில் ஏதோ இருக்கிறது என்று எப்படித் தெரிந்ததோ.

கவிதா கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றவள், "அவகிட்ட கேக்காதீங்க" என்றாள் தமிழில். பிறகு இந்தியில், "குழந்தையைக் கேட்காதீர்கள் மேடம். நான் சொல்கிறேன். என்னோடுதான் போனாள். நான்தான் உள்ளே உட்காரவைத்துவிட்டு வெளியே போனேன். அந்த அம்மா வேண்டாம் என்றுதான் சொன்னார். நான் எழுதிக் கொடுத்தது பொய்" என்றாள்.

ஒரே மூச்சில் சொல்லிவிட்டு, நின்ற இடத்திலேயே நின்றாள். போலீஸ் அம்மாள் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு, "வெளியே வாருங்கள், எழுதிக்கொள்கிறேன்" என்றார். சங்கர் யாரையும் பார்க்கவில்லை. "மச்சான், தியாகூட இருங்க" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனார். பின்னாலேயே ஓடிப்போய், ஆவி பிடிக்கச் சொன்னது நான்தான் என்று சொன்னேன். தலையை ஆட்டினார். கேட்டாரா என்று தெரியவில்லை. சாயங்காலம் பிள்ளைக்குப் பாலோடு திரும்பி வந்தார். கவிதாவுக்கும் ஒரு டப்பாவில் இட்லி இருந்தது. அதை ஸ்டூலில் வைத்தார். அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிடவில்லை. நான் இருந்த நாள் வரை கூப்பிடவில்லை.

அடுத்த வாரம் கமிட்டிக்காரர்களைப் பார்த்து, குழாய்க்கு மூடி போடுங்கள், ரப்பரை மாற்றுங்கள், உள்ளே ஒரு பொத்தான் வையுங்கள், ஆள் இல்லாத நேரத்தில் ஆவி ஓடக் கூடாது என்று சொன்னேன். எழுதியும் கொடுத்தேன். செயலாளர் மரியாதையாக வாங்கி ஃபைலில் வைத்தார். பேச்சியம்மாளைத் திரும்ப எடுத்துக்கொள்ளக் கேட்டேன். "அந்த இடத்துக்கு ஆள் போட்டாச்சு" என்றார். அன்று லிஃப்டில் இரண்டு பெண்கள் பேசிக்கொண்டே இறங்கினார்கள். "ஒரு வீட்டுக்காரர் செய்ததுக்கு எல்லோருக்கும் பூட்டு. எங்கள் பிள்ளைகளுக்கு லீவே வீணாகிவிட்டது" என்றாள் ஒருத்தி. நான் யாரென்று அவர்களுக்குத் தெரியாது. ஞாயிறன்று அறையைத் திறந்தார்கள். புதுப் பலகை ஒன்று மாட்டியிருந்தார்கள், முன்னதைவிடப் பெரிய எழுத்தில். கதவை இழுத்துப் பார்த்தேன். அதே ரப்பர்தான்.

டாக்டர் தியாவின் தொடையிலிருந்து தோல் எடுத்துக் காலில் வைக்க வேண்டும் என்றார். நடப்பாள், ஆனால் வளர வளர அந்தத் தோல் இழுக்கும், மறுபடியும் மறுபடியும் வர வேண்டியிருக்கும் என்றார்.

நான் ஊருக்குக் கிளம்புவதற்கு முந்தின நாள், கவிதா தானாகவே கேட்டாள், "அந்த வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறியா" என்று. பஸ்ஸில் போனோம். சந்துக்குள் எனக்குப் பின்னால் வந்தாள். பேச்சியம்மாள் வாசலில் உட்கார்ந்து, தைத்த சட்டைகளில் தொங்கும் நூலை இடது கையால் வெட்டிக்கொண்டிருந்தாள். கேஸிலிருந்து அவள் பெயரை எடுத்துவிட்டதாக ஸ்டேஷனில் சொல்லியிருந்தார்கள். வலது கைப் புண் காய்ந்து வந்தது, விரல் மட்டும் முழுதாக மடங்கவில்லை. மகள் வீட்டுக்குள்ளிருந்து எங்களைப் பார்த்ததும் ஏணியேறிப் போய்விட்டாள்.

கவிதா நின்றுகொண்டே இருந்தாள். என்னவெல்லாம் சொல்ல வேண்டும் என்று பஸ்ஸில் முணுமுணுத்துக்கொண்டே வந்தவள், "மன்னிச்சிருங்கக்கா" என்ற ஒரு வார்த்தைக்கு மேல் போக முடியாமல் அந்தக் கையையே பார்த்தாள்.

பேச்சியம்மாள் கத்தரியைக் கீழே வைத்தாள்.

"மன்னிச்சேன்னு சொல்லச் சொல்லாதிய. எனக்கு வரல" என்றாள். குரலில் கோபம் இல்லை. "போர்டைக் காட்டிச் சொன்னேன். அன்னைக்கு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். ஸ்டேஷன்ல நான் சொன்னதையும் ஒருத்தரும் கேக்கல. அது போவட்டும்." சட்டையை மடித்து ஒதுக்கி வைத்தாள். "புள்ள எந்திரிச்சு நடக்கட்டும். நடந்த பொறவு இங்க கூட்டிட்டு வாங்க. நான் தூக்கையில அது கண்ணு மூடிக் கெடந்துச்சு. அது கண்ணத் தெறந்து நிக்கிறத நான் ஒருக்காப் பாக்கணும்."

கூட்டிக்கொண்டு வருவதாகக் கவிதா சொன்னாள். எங்களை உட்காரச் சொல்லவில்லை. நாங்களும் உட்காரவில்லை. திரும்பி வரும்போது, எதிரே தோல் மூட்டையோடு வந்த ஒருவருக்கு வழிவிடக் கவிதா சுவரோடு ஒட்டி நின்றாள். அவர் போன பிறகும் அவள் சுவரைவிட்டு நகரவில்லை. நான் சந்து முனையில் காத்துக்கொண்டிருந்தேன்.